மைனிக்கு, மாமா பின்பக்கமாக விழுவது பற்றி

மைனி,

நேற்று போனில் மாமாவைப் பற்றி நீங்கள் சொன்னதைக் கேட்டதிலிருந்து மனசே சரியில்லை. உங்களுக்கு மட்டும் எழுதலாம் என்றுதான் ஆரம்பித்தேன், ஆனால் மார்த்தாண்டம், குலசேகரம் பக்கம் வேறு ஏதாவது வீட்டிலும் ‘பார்க்கின்சன் மாத்திரை போட்டும் குறையவில்லையே’ என்று யாராவது தவித்துக்கொண்டிருக்கலாம் என்பதால், நீங்கள் சரி என்று சொன்னபிறகு பொதுவில் போடுகிறேன். நான் டாக்டர் இல்லை. அம்மாவை பி.எஸ்.பி. (புரோகிரசிவ் சுப்ராநியூக்ளியர் பால்ஸி, ஆரம்பத்தில் பார்க்கின்சன் போலவே தெரியும் ஒரு மூளை நோய்) நோயோடு கடைசிவரை பார்த்துக்கொண்டவன், அவ்வளவுதான்.

முதலில் ஒன்று. மாமா கவனமில்லாமல் நடப்பதால் விழவில்லை. முற்றத்துப் படியில் இறங்கும்போது அடிக்கடி தடுக்குகிறது, எழுந்து நின்ற வேகத்தில் அப்படியே பின்பக்கம் சாய்கிறார், சாப்பிடும்போது தட்டில் இருக்கும் மீன்துண்டு கண்ணில் படுவதில்லை என்றீர்களே, இந்த மூன்றும் ஒன்றாக வந்தால் சாதாரண பார்க்கின்சன் என்று விட்டுவிடக் கூடாது. பார்க்கின்சனில் விழுவது பெரும்பாலும் சில வருடங்கள் கழித்துத்தான் வரும், பி.எஸ்.பி.யில் ஆரம்பத்திலேயே வரும், அதுவும் பின்பக்கமாக. கண்ணை மேலும் கீழும் அசைக்கும் வேலை நடுமூளையில் நடக்கிறது, அங்கே டௌ என்கிற புரதம் செல்களுக்குள் சேர்ந்து அவற்றை அழிப்பதால் கீழே பார்ப்பது சிரமமாகிவிடுகிறது. கண்ணாடியை எத்தனை முறை மாற்றினாலும் இது சரியாகாது.

இதைக் கண்டுபிடிக்க ரத்தப் பரிசோதனை எதுவும் இல்லை. நரம்பியல் டாக்டர் விரலைக் காட்டிக் கண்ணசைவைப் பார்ப்பார், பின்னால் நின்று தோளைப் பிடித்து இழுத்து எப்படிச் சமாளிக்கிறார் என்று பார்ப்பார் (இதை வீட்டில் செய்து பார்க்கவே வேண்டாம்). எம்.ஆர்.ஐ.யைப் பக்கவாட்டில் பார்த்தால் நடுமூளை மெலிந்து ஒரு ஓசனிச்சிட்டின் (ஹம்மிங்பேர்ட்) தலைபோலத் தெரியும், ஆனால் ஆரம்பத்தில் அது தெரியாமலும் போகலாம். அப்புறம் சிண்டோபா என்கிற பார்க்கின்சன் மாத்திரையைப் போதிய அளவில், போதிய காலம் கொடுத்துப் பார்ப்பார்கள். அதில் பெரிதாகக் குணம் தெரியவில்லை என்பதும் ஒரு துப்புதான். மாத்திரை வேலை செய்யவில்லை என்று நீங்களாக நிறுத்திவிடாதீர்கள், திடீரென்று நிறுத்துவது ஆபத்து.

திருவனந்தபுரம் ஸ்ரீ சித்திரா ஆஸ்பத்திரியில் இந்த மாதிரி அசைவு நோய்களுக்கென்றே தனிப் பிரிவு இருக்கிறது. பழைய ரிப்போர்ட், ஸ்கேன் சி.டி., மாத்திரைச் சீட்டு எல்லாம் ஒரே கவரில் போட்டு வையுங்கள். மாமா நடப்பதையும், நாற்காலியிலிருந்து எழுவதையும், பேசுவதையும் போனில் வீடியோ எடுத்து வையுங்கள். டாக்டர் மலையாளத்தில் கேட்பார், மாமாவுக்கு நன்றாகவே புரியும், ஆனால் பதில் வருவதற்கு நேரமாகும். இடையில் நீங்கள் சொல்லிவிடாதீர்கள், அந்தத் தாமதமும் டாக்டருக்குத் தெரிய வேண்டும்.

இதைக் குணமாக்கும் மருந்து இன்றைக்கு இல்லை, இதை மறைத்து எழுத எனக்கு மனசு வரவில்லை. ஆனால் செய்ய நிறைய இருக்கிறது, அதில் பாதி வீட்டிலேயே. படியில் இரண்டு பக்கமும் கைப்பிடி போடுங்கள். சாரம் (கைலி) காலில் மாட்டும், அரைக்கால் நிக்கர் போட்டுவிடுங்கள். லேசான வாக்கர் அவரோடு சேர்ந்து பின்னால் சாயும், கொஞ்சம் கனமானது வேண்டும், எது என்று பிசியோதெரபிஸ்ட் சொல்வார். திடீரென்று எழுந்துவிடுவது பிடிவாதம் இல்லை, அதுவும் நோய்தான். பேசாமல் ஒரே இடத்தில் உட்கார்ந்திருப்பதும் அப்படித்தான். தயவுசெய்து ‘வீம்பு பிடிக்கிறார்’ என்று பிள்ளைகளிடம் யாரும் சொல்ல வேண்டாம். கண் இமைப்பது குறைந்துவிடுவதால் எரியும், டாக்டரிடம் கேட்டுச் சொட்டு மருந்து போடுங்கள். தட்டை உயரமான பலகையின் மேல் வைத்தால் சோறு கண்ணுக்குத் தெரியும்.

விழுவதைவிட எனக்கு அதிகம் பயம் புரை ஏறுவதில்தான். இந்த நோயில் உயிரை எடுப்பது பெரும்பாலும் சாப்பாடு நுரையீரலுக்குள் போய் வரும் நிமோனியா. கட்டஞ்சாயா குடிக்கும்போது இருமுகிறாரா, குரல் ஈரமாகக் கேட்கிறதா என்று கவனியுங்கள். அப்படியென்றால் ஸ்பீச் தெரபிஸ்டிடம் விழுங்கும் பரிசோதனை செய்ய வேண்டும். தண்ணீரை எவ்வளவு கெட்டியாக்குவது, தலையை எப்படி வைப்பது எல்லாம் அவர்கள் பார்த்துச் சொல்வதுதான் சரி. அதுவரை படுத்துக்கொண்டு எதுவும் வேண்டாம், நேராக உட்கார்ந்து சின்னச் சின்ன வாயாக. அவித்த மரச்சீனியை (மரவள்ளிக்கிழங்கு) உலர்ந்த துண்டாகக் கொடுக்காதீர்கள், நன்றாக மசித்து மீன்குழம்பு விட்டுக் குழைத்துக் கொடுங்கள். அவருக்குப் பிடித்ததை ஏன் நிறுத்த வேண்டும்?

உங்களுக்கும் வருமா என்று தயங்கித் தயங்கிக் கேட்டீர்கள். பெரும்பாலும் இது பரம்பரையாக வருவதில்லை, அந்தப் பயத்தோடு தூங்காமல் கிடக்காதீர்கள்.

பேச்சு தெளிவாக இருக்கும்போதே ஒன்றை அவரிடம் கேட்டுவிடுங்கள்: பிற்பாடு விழுங்க முடியாமல் போனால் வயிற்றில் குழாய் வைக்கச் சம்மதமா என்று. கேட்பதற்கு நெஞ்சு நடுங்கும். ஆனால் அது அவர் முடிவு, அண்ணனும் நீங்களும் ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்று ஊகிக்க வேண்டிய விஷயம் இல்லை. தனியாகக் கேட்க முடியாவிட்டால் சொல்லுங்கள், நானும் வந்து கூட உட்காருகிறேன். சித்திராவில் தேதி கிடைத்ததும் போன் பண்ணுங்கள், களியக்காவிளையில் வண்டியில் ஏறிக்கொள்கிறேன்.