கூத்து கேசட்டுகளை டிஜிட்டலாக்குவோர் கவனத்துக்கு

ஆசிரியருக்கு வணக்கம்.

பழைய தெருக்கூத்து கேசட்டுகளை அவசரமாக எம்பி3 ஆக்கும் வழக்கம் பெருகிவருகிறது. எம்பி3 கேட்பதற்குப் போதும், காப்பதற்கு உதவாது. மூலப் பதிவு 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் வேவ் கோப்பாக இருக்கட்டும். ஒரு மணி நேர ஸ்டீரியோவுக்குச் சுமார் 2 ஜிபிதான் பிடிக்கும்.

பெரும்பாலும் கோட்டைவிடுவது ஹெட்டின், அதாவது பிளேயரில் நாடாவைத் தொட்டு ஒலியைப் படிக்கும் பாகத்தின், சாய்வில். பதிவான கோணமும் ஓடும் கோணமும் பொருந்தாவிட்டால் முகவீணை என்னும் சிறு ஊதுகுழலும் தாளமும் போர்வைக்குள்ளிருந்து வருவதுபோல மங்கிவிடும். மோனோவில் (இரு தடங்களையும் ஒன்றாக்கி) கேட்டபடி ஹெட்டின் பக்கத்துத் திருகை மெல்லத் திருப்பி, தாளத்தின் கணீர் ஒலி தெளிவாகும் இடத்தில் நிறுத்த வேண்டும். ஒவ்வொரு கேசட்டுக்கும் இதைச் செய்தாக வேண்டும். இரைச்சலை நீக்குவதானால் நகலில் மட்டும். மூலத்தில் கைவைக்கக் கூடாது.

இன்னொன்று கேசட் ஓடும் வேகம்; அது மாறினால் சுருதியும் மாறிவிடும். 1900இல் தொடங்கிய பெர்லின் ஒலிக்காப்பகத்தார் அக்காலத்தில் ஒலி பதிந்த மெழுகு உருளையின் தொடக்கத்தில், சுருதி மாறாத சுருதிக்குழலை ஊதிப் பதிந்தார்கள். பிற்காலத்தவர் சரியான வேகத்தை அதைக்கொண்டு கண்டார்கள். நம் கேசட்டில் அது கிடையாது. ஆகவே அந்தக் குழுவின் ஹார்மோனியம் இன்னும் இருந்தால், வேகத்தை ஒப்பிட்டுப் பார்க்க அதன் சுருதியைத் தனியே பதிந்து வையுங்கள்.

வீடியோ எடுப்பவர்களே, முகத்தை மட்டும் நெருங்கிக் காட்டினால் அடவு, அதாவது ஆட்டத்தின் காலடி வைப்பு, போய்விடும். ஒரு கேமராவாவது பாதம் தெரிய அசையாமல் நிற்கட்டும்.

வாசகர், காஞ்சிபுரம்