நமக்கு ஒரே பெயர் வைத்தது தப்பு

நியூயார்க், நவம்பர் 1946

அன்புள்ள மகனுக்கு,

இருமல் எப்படி இருக்கிறது? உன் தங்கை சொல்லித்தான் தெரியும், நீயாக ஒரு வரி எழுதவில்லை. டாக்டரிடம் போனாயா என்று மட்டும் எழுது, போதும்.

நீதிபதி கோஹலன் இறந்துவிட்டார். சிகாகோ பேப்பரில் போட்டார்களோ என்னவோ, இங்கே போட்டிருந்தார்கள். படித்ததும் உன் ஞாபகம்தான் வந்தது. அயர்லாந்து விடுதலைக்கு அவர் பெரியவரா, அங்கிருந்து வந்த தலைவர் டி வலேரா பெரியவரா என்று நாம் சண்டை போட்ட அந்தச் சாப்பாட்டு மேசை இன்னும் இருக்கிறது, நீ குத்தின இடத்தில் விரிசலும் அப்படியே இருக்கிறது.

நீ இன்றைக்கும் ஒத்துக்கொள்ள மாட்டாய், தெரியும். ஆனால் 1919 மார்ச்சில் ஆப்பரா ஹவுஸில் நடந்ததை நினைத்துப் பார். கோஹலன் அறையில் இருக்கும்வரை அயர்லாந்துக் குழுவைப் பார்க்க மாட்டேன் என்று ஜனாதிபதி வில்சனே சொல்லி அனுப்பினார். நீங்கள் போகக் கூடாது என்று கூட வந்தவர்கள் எவ்வளவோ சொல்லியும், அயர்லாந்துக்காகக் கேட்க வந்த இடத்தில் தன் மானம் குறுக்கே வர வேண்டாம் என்று அவர் எழுந்து வெளியே போனார். சுப்ரீம் கோர்ட் நீதிபதி! (நம் நியூயார்க்கில் அதற்கு மேலேயும் ஒரு கோர்ட் உண்டு, அது வேறு கதை.) அந்த மனுஷனைத்தான் நீ டாமனி ஹால் என்கிற நியூயார்க் கட்சிக் கோஷ்டியின் தரகர் என்றாய்.

சரி, அவர் டாமனி ஆள்தான். அதையும் மறைக்கவில்லை.

டி வலேரா வந்தபோது கைதட்டியவர்களில் நானும் ஒருவன். அமெரிக்காவுக்குக் கியூபா மாதிரி இங்கிலாந்துக்கு அயர்லாந்து இருந்தால் போதும் என்கிற மாதிரி 1920 பிப்ரவரியில் அவர் பேட்டி கொடுத்தாரே, அதற்குத்தான் கோஹலனின் கூட்டாளி டெவாய் கிழவர் தன் பேப்பரில் கிழித்துத் தொங்கவிட்டார். அப்புறம் ஜூனில் சிகாகோவில் குடியரசுக் கட்சி மாநாடு, அயர்லாந்துக்காக இரண்டு கோஷ்டி, இரண்டு தீர்மானம், கடைசியில் ஒன்றும் இல்லை. இங்கிலாந்துக்காரன் சிரித்திருப்பான். நீ போயும் போயும் அந்த ஊரிலேயே குடியேறினாய். ஏரிக்காற்று நெஞ்சுக்கு ஆகாது என்று அம்மா அப்போதே சொன்னாள். கம்பளி போட்டுக்கொள். டாக்டரிடம் போ.

உன் ஆள் டப்ளினில் இன்னும் பிரதமர். ஜெயித்தது நீதான், போ.

இதை எழுதவா உட்கார்ந்தேன் என்றால் இல்லை. உன் கடன் பத்திரம். அயர்லாந்துக் குடியரசுக்காக டி வலேரா கடன் திரட்டியபோது நீ 25 டாலருக்கு வாங்கினது. அம்மாவின் பெட்டியில் வைத்துவிட்டுப் போனாய், பிறகு ஒரு தடவை கடிதத்தில் கேட்டாய், காணவில்லை என்று அம்மா எழுதினாள். அவளுக்கு அப்படிச் சொன்னது நான். 1927இல் இங்கே கோர்ட் மிச்சப் பணத்தைக் கொடுத்தவர்களுக்கே திருப்பித் தரச் சொன்னது, கொஞ்ச வருஷம் இழுத்தடித்து நோட்டீஸ் வந்தது, பழைய விலாசத்துக்கு, உன் பெயருக்கு. உன் பெயர்தானே என் பெயரும். கையெழுத்துப் போட்டு வாங்கிவிட்டேன். வேலை போயிருந்த குளிர்காலம், கரிக்குக் கொடுத்தேன். அதோடு நின்றிருந்தால் உன்னிடம் சொல்லியிருப்பேன். உன் ஆள் ஆட்சிக்கு வந்து மீதியையும் கொடுத்தாரே, ஆக மொத்தம் டாலருக்கு ஒன்றே கால் டாலர், அதையும் வாங்கினேன். அம்மா மருந்துக்கு என்று சொல்லிக்கொண்டேன். மருந்துக்குப் போனது பாதிகூட இல்லை, மீதி எங்கே போயிருக்கும் என்று உனக்குத் தெரியும்.

டி வலேரா பணத்தைத் தின்றுவிடுவார் என்று மேசையில் அடித்துச் சொன்னவன் நான். அவர் வட்டியோடு கொடுத்தார். தின்றது நான்.

31 டாலர் 25 சென்ட் ஆகிறது. இதோடு 20 வைத்திருக்கிறேன், பாக்கி கிறிஸ்துமஸுக்குள் வரும். திருப்பி அனுப்பாதே, அதை டாக்டருக்குக் கொடு. மார்பை எக்ஸ்ரே எடுக்கச் சொல், சும்மா பாட்டில் மருந்து வாங்கிக்கொண்டு வராதே.

அப்பா

கோஹலனைப் பற்றிச் சொன்னதில் எதையும் வாபஸ் வாங்கவில்லை.