அகஸ்தியன்பள்ளி உப்பு சத்தியாகிரக நினைவிடத்துக்கு நிழல் கேட்டு மூன்றாவது மனு

அனுப்புநர்: ஓய்வுபெற்ற ஆசிரியை, வேதாரண்யம்
பெறுநர்: உயர்திரு அலுவலர் அவர்கள்
பொருள்: நினைவிடத்தில் நிழல் மரங்கள் வளர்த்துத் தர வேண்டுதல்
பார்வை: இதே கோரிக்கையுடன் நான் கொடுத்த இரண்டு மனுக்கள்

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். கோடியக்கரை சாலையில் தாங்கள் போய்வரும்போதெல்லாம் கண்ணில் படுகிற இடம்தான், வழி சொல்லத் தேவையில்லை. முந்தைய மனுக்களுக்குப் பதில் வராததால் பணிவுடன் மீண்டும் எழுதுகிறேன்.

1. 1930 ஏப்ரல் 13 அன்று ராஜாஜி தலைமையில் திருச்சியிலிருந்து புறப்பட்டு நடந்து வந்த தொண்டர்கள், ஏப்ரல் 30 அன்று இங்கேதான் உப்பு அள்ளினார்கள். ராஜாஜி கைதானதும் அன்றுதான்.

2. தொண்டர்களுக்குச் சோறோ தங்க இடமோ கொடுத்தால் சிறை என்று அன்றைய தஞ்சாவூர் கலெக்டர் தார்ன் எச்சரித்திருந்தார். மக்கள் சோற்றுப் பொட்டலங்களைச் சாலையோர மரக்கிளைகளில் கட்டி வைத்தார்கள். அன்று சோறு போட்டது மரம். அதைப் பிள்ளைகளுக்குச் சொல்ல இன்று ஒரு மரத்தடி இல்லை.

3. இருந்த நிழலும் 2018 நவம்பரில் கஜா புயலோடு போயிற்று. அதற்கு யாரையும் குறை சொல்லவில்லை. அப்புறம் கன்றுகள் நட்டார்கள், போட்டோ எடுத்தார்கள், போய்விட்டார்கள். சித்திரையில் ஒரு குடம் தண்ணீர் ஊற்ற ஆள் இல்லை. கருகிய குச்சிகளை நானே பிடுங்கிப் போட்டேன். "உப்பு மண்ணில் எதுவும் வராது" என்கிறார்கள். பூவரசும் புங்கனும் வராதா ஐயா? எங்கள் கொல்லைகளில் நிற்பவை என்ன?

4. ஆண்டுதோறும் ஏப்ரல் 30 அன்று தெருப் பிள்ளைகளை அங்கே கூட்டிப்போகிறேன். மேலே வெயில், எதிரே உப்பளத்து வெள்ளை. கண்ணைத் திறக்க முடியாது. இந்த ஆண்டு முடிதிருத்துநர் வைரப்பன் கதை சொல்லிக்கொண்டிருந்தேன். சவரம் செய்துகொள்ள உட்கார்ந்தவர் போலீஸ்காரர் என்று தெரிந்ததும் பாதியிலேயே கத்தியை வைத்துவிட்டு, அதற்காக ஆறு மாதம் சிறை போன நம் ஊர்க்காரர். சொல்லி முடிக்கவில்லை, ஒன்பது வயதுப் பெண் குழந்தை மயங்கி விழுந்தாள். எங்கே கிடத்துவது? ஸ்தூபியின் நிழல் ஒரு முழம்கூட இல்லை. அதில் அவள் தலையை மட்டும் வைத்து, என் முந்தானையை மேலே பிடித்துக்கொண்டு நின்றேன். குடிக்கத் தண்ணீருக்குச் சாலை வரை ஒரு பையன் ஓடினான். அவள் அம்மா இனி அனுப்பமாட்டேன் என்கிறார். என்ன பதில் சொல்வேன்? இரண்டு மனு கொடுத்திருக்கிறேன் என்றா?

5. மண்டபம் கேட்கவில்லை. சிலை கேட்கவில்லை. நான்கு மரம், இரண்டு கோடைக்குத் தண்ணீர் ஊற்ற ஓர் ஆள், ஒரு குடிநீர்க் குழாய். மரம் கேட்கிறேன் ஐயா, மரம் மட்டும்தான்.

எனக்கு அறுபத்தெட்டு வயது. இன்று நட்டாலும் நிழல் விழ ஐந்தாறு வருடம் ஆகும். தயவுசெய்து வருகிற ஐப்பசி மழைக்குள் குழி வெட்டச் சொல்லுங்கள். நாள் குறித்துச் சொன்னால் கடப்பாரையோடு நாங்களும் வருகிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
ஓய்வுபெற்ற ஆசிரியை