கசிவு தேடியவர்களுக்கும் சொல் திருத்தியவர்களுக்கும் நன்றி

வணக்கம்.

திரவ எஞ்சின் வேலையிலும், பள்ளிகளில் ராக்கெட் அறிவியலைத் தமிழில் சொல்லும் வேலையிலும் எங்களுக்குத் தோள் கொடுத்தவர்களுக்கு இந்த மடல்.

முதல் நன்றி பற்றவைப்பாளர்களுக்கு (வெல்டர்களுக்கு). அலுமினியத் தொட்டியின் விளிம்பைக் கரைப்பானால் துடைத்து, ஸ்டெயின்லெஸ் பிரஷ்ஷால் ஆக்சைடு படலத்தைத் தேய்த்தெடுத்து, ஈரம் ஏறுமுன் பற்றவைக்கிறீர்கள். ஈரம் இருந்தால் அதிலுள்ள ஹைட்ரஜன் உருகிய உலோகத்தில் கரைந்து, உலோகம் உறையும்போது நுண்துளைகளாகத் தங்கிவிடும். எக்ஸ்ரே படத்தில் மிளகுத்தூள் தூவினாற்போலத் தெரியும் அந்தப் புள்ளிகளைப் பார்த்து, “வெட்டி எடுத்து மறுபடி போடுங்கள்” என்று சொல்லத் தயங்காத சோதனையாளர்களும் இந்த நன்றியில் சேர்த்தி.

கசிவு தேடும் குழுவுக்குத் தனியாகவே எழுதியிருக்க வேண்டும். பெரிய கசிவைச் சோப்பு நீர் காட்டிக்கொடுக்கும்; நுண்ணியதற்கு ஹீலியமும், கசிந்து வரும் ஹீலியத்தை அதன் நிறையை வைத்துக் கண்டுபிடிக்கும் நிறைநிறமாலைமானியும் வேண்டும். அந்தக் கருவியின் மோப்பக்குழாயைக் குழாய் மூட்டின் ஓரமாக மெதுவாக நகர்த்த வேண்டும். பக்கத்தில் ஒரு மின்விசிறி ஓடினாலே ஹீலியம் கலைந்துபோய், கசியும் மூட்டும் நல்ல மூட்டாகத் தெரியும். இந்தப் பொறுமை எதற்கு என்று கேட்பவர்களுக்கு நாங்கள் சொல்வது 2013 ஆகஸ்ட் 19. அன்று இஸ்ரோவின் ஜி.எஸ்.எல்.வி. டி5 ராக்கெட்டின் இரண்டாம் கட்டத்தில் எரிபொருள் கசிந்ததால் கவுண்ட்டவுன் நிறுத்தப்பட்டது. 2219 ரக அலுமினியக் கலவைத் தொட்டியோடு புதிய இரண்டாம் கட்டம் பொருத்தி, 2014 ஜனவரி 5 அன்று ஏவினார்கள். இந்தியாவில் செய்த கிரையோஜெனிக் எஞ்சின் (கடுங்குளிரில் திரவமாக்கிய ஹைட்ரஜனிலும் ஆக்சிஜனிலும் இயங்குவது) முதன்முறையாக வெற்றி கண்டது அந்தப் பயணத்தில்தான்.

கிரையோஜெனிக் எரிபொருள் நிரப்புபவர்களே, திரவ ஹைட்ரஜன் -253 டிகிரி செல்சியஸ். குழாயில் மிச்சமிருக்கும் காற்றை நைட்ரஜன் விட்டு வெளியேற்றி, அதோடு விட்டுவிட முடியாது. நைட்ரஜனே -210-இல் கட்டியாகிவிடும். அதனால் கடைசியில் ஹீலியம் விட்டுத் துப்புரவாக்குகிறீர்கள். பம்பையும் முன்கூட்டியே குளிர்விக்கிறீர்கள். இல்லையென்றால் திரவம் கொதித்து, குமிழி உள்ளே போய், சுமை குறைந்த பம்பு கட்டுமீறிச் சுழலும்.

இனி ஆசிரியர்களுக்கு. தண்ணீர் ராக்கெட் செய்முறையை ஒழுங்குபடுத்தியது நீங்கள். 2 லிட்டர் குளிர்பான பாட்டிலில் மூன்றில் ஒரு பங்கு தண்ணீர் போதும். கூடினால் தள்ளுவதற்குக் காற்று போதாது. குறைந்தால் தண்ணீர் உடனே தீர்ந்துவிடும். அடைப்பான் தளர்ந்தால் அழுத்தம் ஏறுமுன்னே கழன்றுவிடும். கீறல் விழுந்த பாட்டிலைத் தொடவே கூடாது. மூக்கில் களிமண் வைத்து, ஈர்ப்பு மையத்தில் நூல் கட்டித் தலைக்குமேல் சுழற்றிப் பார்க்கும் உங்கள் சோதனை எங்களுக்கு மிகவும் பிடித்தது. மூக்கு முன்னோக்கி நின்றால்தான் ராக்கெட் நேராகப் போகும்.

தமிழாசிரியர்களே, எங்கள் கட்டுரைகளில் உந்தம் (momentum), உந்துவிசை (thrust), கணத்தாக்கு (impulse) மூன்றும் குழம்பிக் கிடந்தன. பிரித்துத் தந்தீர்கள். எரிபொருளையும் அதை எரிக்கும் ஆக்சிஜனேற்றியையும் சேர்த்து ‘எரிபொருள்’ என்று மொத்தமாக எழுதியதையும் ‘உந்துபொருள்’ என்று மாற்றினீர்கள். சரியான திருத்தம். இஸ்ரோவின் விகாஸ் என்ற திரவ எஞ்சினுக்குப் போகும் நைட்ரஜன் டெட்ராக்சைடு என்ற ஆக்சிஜனேற்றி, எடையில் எரிபொருளைவிட அதிகம். பழைய சொல் அந்தப் பாதிக்கும் மேலான எடையை மறைத்துவிட்டிருந்தது. அடுத்த பதிப்பின் அச்சுப்படியையும் உங்களிடமே அனுப்புகிறோம்.

அன்புடன்,
திரவ எஞ்சின் பொறியாளர்கள் சிலர்