எங்கிருந்து எடுத்தீர்கள் என்று எழுதுங்கள்: இசை நிறுவனத்தாருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய இசை நிறுவனத்தாருக்கு,

வணக்கம். எழுபது, எண்பதுகளின் திரைப்பாடல்களைத் 'தர இழப்பற்ற ஒலி' என்று நீங்கள் விற்கும் கோப்புகளைப் பற்றி எழுதுகிறேன். எங்கிருந்து எடுத்தவை என்று சொல்லாமல் விற்கிறீர்கள் என்ற இந்த முறைப்பாடு உங்களுக்குப் புதிதன்று.

இலங்கை மலையகத்தில், ஹட்டனுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் இருக்கிறேன். எங்கள் லயத்துக்குள், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளுக்குள், சிக்னல் எட்டாது. ஐந்து நிமிடப் பாடல், தரம் இழக்காமல் சுருக்கும் ஃபிளாக் வடிவில் சுமார் 30 மெகாபைட். தரத்தைக் குறைத்துச் சுருக்கும் 128 கிலோபிட் எம்பி3 என்றால் 5 மெகாபைட்டுக்குள் அடங்கிவிடும். ஆசை யாரை விட்டது? போனுக்கு ரீலோட் போட்டு, மழை விட்ட நேரம் பார்த்துத் தேயிலை மலையின் உச்சிக்கு ஏறி, அட்டைக்கடியோடு நின்று ஒரு படத்தின் பாடல்களை இறக்கினேன். வீட்டுக்கு வந்து அதிர்வெண் வரைபடத்தில் பார்த்தால், 16 கிலோஹெர்ட்ஸுக்கு மேலே ஒன்றுமே இல்லை. பழைய நாடாவில் மேல் அதிர்வெண்கள் மெல்ல மெல்லத்தான் மங்கும். இப்படி நேர்கோட்டில் அறுந்து நிற்காது; அப்படி அறுப்பது எம்பி3தான். எம்பி3யை எடுத்து ஃபிளாக்குக்குள் ஊற்றியிருக்கிறீர்கள். 5 மெகாபைட் சரக்குக்கு 30 மெகாபைட் சுமைகூலி கொடுத்திருக்கிறேன்.

முதலில் பதிவான மூலநாடாவா, இசைத்தட்டா, இறுவட்டா (சிடியா)? எங்கிருந்து எடுத்தீர்கள் என்று ஒவ்வொரு பாடலின் கீழும் எழுதுங்கள். நான் கேட்பது இவ்வளவுதான்.

கொழும்பு ஏலத்துக்குப் போகும் எங்கள் தேயிலை மூட்டையில் தோட்டத்தின் பெயரும் தரமும் அச்சிட்டிருக்கும். டஸ்ட் என்னும் தூள் தேயிலையை நிரப்பி, பி.ஓ.பி. என்ற வேறு தரத்தின் பெயரை எழுதினால் வாங்குபவர் சும்மா விடுவாரா? நீங்களோ '24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ்' என்ற உயர்தரப் பதிவு எண்களைப் பொன்னெழுத்தில் பொறிக்கிறீர்கள். எண்ணைக் கூட்டினால், எம்பி3யில் தொலைந்துபோன சலங்கை ஒலி திரும்பி வரும் என்று உங்களுக்கு எந்தப் பொறியாளர் சொன்னார்? 44.1 கிலோஹெர்ட்ஸ், 16 பிட் இறுவட்டு ஒழுங்காக இருந்தாலே எங்கள் காதுக்குப் போதும். அந்த இறுவட்டுகளையும் மறுபதிப்பில் ஒலியளவை உச்சத்துக்கு ஏற்றி நசுக்கிவிட்டீர்கள். தனிப் புல்லாங்குழலும் முழு வாத்தியக் குழுவும் ஒரே சத்தத்தில் கத்துகின்றன. இந்தப் பாடல்களைக் கடல் தாண்டித் தமிழ்நாட்டு வீடுகளுக்குள் கொண்டுபோய்ச் சேர்த்தது எங்கள் இலங்கை வானொலி. அதற்காவது ஒரு நல்ல பிரதி தந்திருக்கலாம்.

கோபத்தில் எங்கோ போய்விட்டேன், பொறுத்தருள்க. மூலநாடா அழிந்திருந்தால் அதையே எழுதுங்கள். நல்ல இசைத்தட்டிலிருந்து எடுத்ததைக் கீறல் சத்தத்தோடும் கேட்போம். எங்கிருந்து எடுத்தது என்று தெரிந்தால் போதும். ஏற்கெனவே விலை கொடுத்தவர்கள் சரியான கோப்பை மறுகட்டணமின்றி இறக்கிக்கொள்ளவும் வழி செய்யுமாறு பணிவுடன் வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
விலை கொடுத்து வாங்கும் ஒரு நேயர்,
ஹட்டன்