அண்ணாச்சிக்கு: 21 × 6 = 126

அன்புள்ள அண்ணாச்சிக்கு,

துணி வந்து சேர்ந்தது. கூட ஒரு கடிதம் இல்லை. கொண்டுவந்த பையனிடம் ஒரு வார்த்தைகூடச் சொல்லி அனுப்பவில்லை. மூன்று வருஷம் உங்கள் வீட்டுப் பரணில் கிடந்த தாவீது ராஜாவின் வம்ச அட்டவணை, பழைய செய்தித்தாளில் சுருட்டி, சணல் கட்டி வந்திருக்கிறது. போன் செய்தால் எடுக்கமாட்டீர்கள். ஆனால் நான் இங்கே எழுதுவதை விடாமல் வாசிக்கிறீர்கள் என்று கேள்வி. சபைக்காரர்களும் வாசிப்பார்கள் என்பதால் கமிட்டியில் பேசியதையும் அதன்பின் நடந்ததையும் தொடப்போவதில்லை. உங்களுக்கும் எனக்கும் தெரியும், அது போதும்.

புதிதாக எழுதுவதென்று முடிவு செய்துவிட்டேன். இந்தக் கிறிஸ்துமஸுக்குள் சுவரில் ஏற வேண்டும்.

இயேசுவின் வம்ச வரிசை வரும் மத்தேயு முதல் அதிகாரம் வாசித்த அந்த ஞாயிற்றுக்கிழமைக்கே மனசு போகிறது. "யோராம் உசியாவைப் பெற்றான்" என்று பிள்ளைகள் ஒரே குரலில் சொன்னார்கள். உங்கள் பிரம்பு யோராமிலிருந்து உசியாவுக்கு இறங்கியது. "அண்ணாச்சி, நடுவுல மூணு ராஜா விட்டுப்போச்சு" என்றேன். பிரம்பு உசியாவிலேயே நின்றது. பிறகு அதை என் பக்கம் நீட்டினீர்கள். "நீயே சொல்லு." போய்ப் பிள்ளைகளோடு பாயில் உட்கார்ந்துகொண்டீர்கள்.

நான் பிரம்பை வாங்கினேன். அதற்கு மன்னிப்புக் கேட்கிறேன். சொன்ன விஷயத்துக்கு இல்லை, வாங்கியதற்கு.

ஏனென்றால் சொன்னது பொய்யில்லை. 1 நாளாகமம் 3-ஐ எடுத்தால் யோராமுக்குப் பின் அகசியா, யோவாஸ், அமத்சியா, அதன்பின்தான் உசியா. அங்கே அவன் பெயர் அசரியா. மத்தேயு மூன்று பேரைத் தாண்டுகிறார். அந்த மூன்று பேரும் வம்சம் அறுந்துபோக இருந்த இடத்தில் நிற்பவர்கள். யோராம் ராஜாவானதும் தன் தம்பிமார் ஆறு பேரையும் வெட்டினான். அரபியரோடு வந்த கூட்டம் அவன் மக்களில் கடைக்குட்டியைத் தவிர எல்லோரையும் கொன்றது. அந்தக் கடைக்குட்டிதான் அகசியா. அகசியாவையும் அவன் உறவினர் 42 பேரையும் இஸ்ரவேலில் ராஜாவான யெகூ கொன்றான். மிச்சமிருந்ததை அகசியாவின் தாய் அத்தாலியாள் அழித்தாள். தப்பியது ஒரே ஒரு கைக்குழந்தை, யோவாஸ். அத்தை யோசேபாள் படுக்கையறையில் ஒளித்து, 6 வருஷம் ஆலயத்தில் வளர்த்து, 7 வயதில் முடிசூட்டினார்கள். தாவீதின் வீடு முழுக்க ஒரு தாதியின் மடியில் இருந்த நாட்கள் அவை. அதைத் தாண்டிப் பிரம்பு குதித்தால் எனக்கு எப்படி அண்ணாச்சி வாயை மூடிக்கொண்டிருக்க முடியும்?

இன்னொன்றும் உண்டு. 1993-இல் இஸ்ரவேலின் வடக்கே தேல் தான் என்ற இடத்தில் ஒரு கல்வெட்டுத் துண்டு கிடைத்தது. அரமேய மொழி, ஒன்பதாம் நூற்றாண்டு கி.மு. வேதாகமத்துக்கு வெளியே "தாவீதின் வீடு" என்று வருவதாகப் பெரும்பாலான அறிஞர் வாசிக்கும் கல் அது. அதில் கொல்லப்பட்டதாகச் சொல்லப்படும் யூதா ராஜாவின் பெயர் பாதி உடைந்திருக்கிறது. மிஞ்சிய எழுத்துகளை வைத்து அகசியா என்று நிரப்புகிறார்கள். மத்தேயு விட்டவனைக் கல்லில் தேடிப் பிடிக்கிறார்கள்! இதை உங்களிடம் சொல்லத்தான் அன்று ஓடி வந்தேன். சொல்ல விட்டீர்களா?

சரி. துணிக்கு வருகிறேன்.

பழையதை விரித்து அளந்து பார்த்தேன். 9 அடி நீளம், 108 அங்குலம். நீங்கள் தலைமுறைக்கு 6 அங்குலம் விட்டிருக்கிறீர்கள். தாவீதிலிருந்து செருபாபேல் வரை மத்தேயுவின் கணக்கில் 17 பேர். 17 × 6 = 102. மிச்சம் 6 அங்குலத்தில் தலைப்பு. அளவு கச்சிதம். பின்வரிசைப் பிள்ளைகளுக்கு எழுத்துத் தெரிய 6 அங்குலம் வேண்டும் என்று நீங்கள் பிடிவாதம் பிடித்ததும் ஞாபகம் இருக்கிறது. கோடு போட்டவன் நான்தானே.

பிறகு துணியைத் திருப்பினேன். ஓரத்தில் பென்சிலில், உங்கள் கையெழுத்து: 21 × 6 = 126. அதன்மேல் ஒரு குறுக்குக்கோடு. கீழே, துணி 108.

21. நான் அன்று சொன்ன மூன்றைக் கூட்டினால் 20-தான் வரும். அந்த நாலாவது ஆள் யோயாக்கீம். மத்தேயு 1:11-இல் யோசியா எகொனியாவைப் பெற்றான் என்று இருக்கிறது. உண்மையில் யோசியாவின் மகன் யோயாக்கீம், அவன் மகன்தான் எகொனியா. அட்டவணை எழுதுமுன்பே உங்களுக்கு நாலு பேரும் தெரிந்திருக்கிறது. எழுத்தளவுக்காகவும், மத்தேயு தலைமுறைகளைப் பதினாலு பதினாலாகப் பிரிக்கிறாரே, அந்த 14-க்காகவும் தெரிந்தே விட்டிருக்கிறீர்கள். அந்தப் 14 ஏன் என்பதை எனக்குச் சொல்லிக்கொடுத்ததே நீங்கள்தான்: எபிரெயத்தில் எழுத்துகளுக்கு எண் மதிப்பு உண்டு, தாவீது என்ற பெயருக்கு மூன்று எழுத்து, தாலெத் 4, வாவ் 6, தாலெத் 4.

நாலு என்று தெரிந்தும் பாயில் உட்கார்ந்து, நான் மூன்று என்று சொல்லிக்கொடுத்ததைக் கேட்டுக்கொண்டிருந்தீர்கள். என்னைப் பிள்ளைகள் முன்னால் திருத்தவில்லை. அதை நினைத்தால் தொண்டை அடைக்கிறது. அதே மூச்சில் கோபமும் வருகிறது. அந்தப் பிள்ளைகள் வேதபாடப் பரீட்சையில் மூன்று என்றுதானே எழுதியிருப்பார்கள்? என் மானத்தைக் காப்பாற்றியதற்கு அவர்கள் மதிப்பெண்ணா விலை? மறுநாள் தனியாகக் கூப்பிட்டு, "லேய், நாலு" என்று சொல்லியிருக்கலாம். ஆணியிலிருந்து துணியைக் கழற்றிக்கொண்டு போனீர்கள்.

புதியது 10 அடி. தலைமுறைக்கு 5 அங்குலம், 21-க்கு 105, தலைப்புக்கு 15. எழுத்து கொஞ்சம் சிறுக்கும். காடாத்துணியைக் கஞ்சி போட்டுத் தேய்த்துவிட்டேன், போன தடவை மை ஊறிப் பரவியதே, அது இந்தத் தடவை இருக்காது.

மேல்வரிசையில் அதிக மாற்றமில்லை. எப்ரோனில் தாவீதுக்குப் பிறந்த ஆறு பேருக்கு ஆறு தாய்: அம்னோன், கீலேயாப், அப்சலோம், அதோனியா, செப்பத்தியா, இத்ரேயாம். கீலேயாபுக்கு நாளாகமத்தில் தானியேல் என்று பெயர், இரண்டையும் ஒரே கட்டத்தில் போடுகிறேன். அம்னோன் கெடுத்த தாமாரை அப்சலோமுக்குப் பக்கத்தில், ஒரே தாயின் கீழ் வைக்கிறேன். நீங்கள் பெண்மக்களை ஓரமாகத் தனியே எழுதியிருந்தீர்கள். அப்படி எழுதினால், அம்னோனை ஏன் அப்சலோம் கொன்றான் என்பது படத்தைப் பார்த்தால் புரியாது.

எருசலேமில் பிறந்தவர்களில்தான் தொல்லை. 2 சாமுவேல் 5-இல் 11 பேர், 1 நாளாகமம் 14-இல் 13 பேர், 3-ஆம் அதிகாரத்திலும் 4 + 9 என்று 13. மூன்றாம் அதிகாரத்தை மட்டும் பார்த்து எழுதினால் எலிஷாமா இரண்டு தடவை, எலிப்பெலேத் இரண்டு தடவை வரும். பிள்ளைகள் "ஸார், ரெண்டு தடவ எழுதிட்டீங்க" என்பார்கள். 14-ஆம் அதிகாரத்தில் முதல் எலிஷாமா எலிசூவா, முதல் எலிப்பெலேத் எல்பெலேத். அந்தப் பெயர்களைப் போட்டால் குழப்பம் தீரும். ஆக எப்ரோன் 6, எருசலேம் 13, மொத்தம் 19 குமாரர். பெயர் வைக்குமுன் இறந்த குழந்தைக்குப் பெயரில்லாத ஒரு சின்ன வட்டம். நீங்கள் அதைப் போடவில்லை. நான் போடுகிறேன்.

சாலொமோனின் தாய் பத்சேபாள் 1 நாளாகமம் 3-இல் பத்சுவாள். தகப்பன் பெயர் சாமுவேலில் எலியாம், நாளாகமத்தில் அம்மியேல். ஒரே பெயரின் இரண்டு பாதியை முன்பின்னாக மாற்றியது, பிழை என்று அடித்துவிடக் கூடாது. தாவீதின் வீரர் பட்டியலில் அகித்தோப்பேலின் மகன் எலியாம் என்று ஒருவன் வருகிறான். இருவரும் ஒரே ஆள் என்றால் அகித்தோப்பேல் பத்சேபாளின் தாத்தா. தாவீதின் ஆலோசகராயிருந்த அவர் கலகத்தில் அப்சலோம் பக்கம் சாய்ந்ததற்குக் காரணம் அங்கே கிடைக்கும். அப்படி வெளிப்படையாக எழுதியில்லை, ஆகவே புள்ளிக்கோடு. அபிகாயிலும் இருவர், ஒருத்தி மனைவி, இன்னொருத்தி அமாசாவின் தாயான சகோதரி. ஒரே பெட்டியில் போட்டால் அமாசா தாவீதின் மகனாகிவிடுவான்.

தாவீதின் பேரன் ரெகொபெயாமுக்கு 18 மனைவிகள், 60 மறுமனையாட்டிகள், 28 குமாரர், 60 குமாரத்திகள். இத்தனைக்கும் இடமில்லை, எண்ணை மட்டும் எழுதுகிறேன். அகசியாவின் வயதை மட்டும் விட்டுவிட முடியாது. ராஜாக்களில் 22, நாளாகமத்தில் 42. அவன் தகப்பன் யோராம் 32 வயதில் பட்டத்துக்கு வந்து 8 வருஷம் ஆண்டு செத்தவன், அப்போது வயது 40. தகப்பனைவிட 2 வயது மூத்த மகன் இருக்க முடியாது. 22 என்றே எழுதுகிறேன்.

அடிப்பக்கம்தான் உயிரை எடுக்கிறது. தகப்பன் யோயாக்கீம், மகன் யோயாக்கீன். தமிழில் கடைசி எழுத்து மட்டுமே வித்தியாசம், ம் ஒருவன், ன் ஒருவன். போன தடவை நானே மாற்றி எழுதி நீங்கள் பிளேடால் சுரண்டிய தழும்பு துணியில் இன்னும் இருக்கிறது. இந்தத் தடவை மகனுக்கு எகொனியா என்றே பெரிதாக எழுதி, கீழே மற்ற இரண்டு பெயரையும், யோயாக்கீன், கோனியா, சின்னதாகப் போடுகிறேன்.

யோசியாவின் நாலு மகன்கள்: யோகனான், யோயாக்கீம், சிதேக்கியா, சல்லூம். பட்டியலில் சல்லூம் நாலாவது. இதைப் பிறந்த வரிசை என்று எடுத்தால் மாட்டிக்கொள்வோம். எரேமியா சொல்லும் சல்லூம்தான் யோவாகாஸ். அவன் ராஜாவாகும்போது வயது 23, மூன்றே மாதத்தில் எகிப்தியர் இறக்கிவிட்டு 25 வயது யோயாக்கீமை வைத்தார்கள். 11 வருஷம் கழித்துப் பட்டத்துக்கு வந்த சிதேக்கியாவுக்கு 21. அப்படியானால் அவன் சல்லூமுக்குச் சுமார் 13 வயது இளையவன். யோவாகாசுக்கும் சிதேக்கியாவுக்கும் தாய் அமுத்தாள், யோயாக்கீமுக்குத் தாய் செபுதாள். எனவே மூன்று பேரையும் ஒரே மட்டத்தில் வைத்து, தாய் வழியாக இரண்டு கிளை. யோயாக்கீமுக்கும் சிதேக்கியா என்று ஒரு மகன் பட்டியலில் உண்டு. அவனுக்கு வேறு நிற மை.

எகொனியாவைப் பற்றி எரேமியா, சந்தானமற்றவன் என்று எழுதச் சொல்கிறார். நாளாகமம் அவனுக்கு 7 மகன்களை எழுதுகிறது. அங்கே வரும் ஆசீர் என்ற எபிரெயச் சொல்லுக்குக் கட்டுண்டவன் என்று பொருள், அதைப் பெயராக வாசித்தால் எட்டாகிவிடும். பாபிலோனில் தோண்டியெடுத்த களிமண் பலகைகளில், 1939-இல் வைட்னர் என்ற அறிஞர் வெளியிட்டது, யூதா ராஜா யோயாக்கீனுக்கு அரண்மனையிலிருந்து எண்ணெய் அளந்த கணக்கு இருக்கிறது. அவன் மகன்கள் 5 பேருக்குச் சேர்த்து 2½ சீலா (பாபிலோனிய முகத்தல் அளவு). ஆளுக்கு அரை. தாவீதின் வம்சம் அரைச் சீலா எண்ணெய்க்கு வரிசையில் நின்றதைச் சொன்னால் பிள்ளைகள் எகொனியாவை மறக்கமாட்டார்கள். சிங்காசனம் இல்லை, மகன்கள் உண்டு. எரேமியாவே அதே வசனத்தில் சிங்காசனத்தில் உட்காரப்போகிறவன் இல்லை என்று விளக்கிவிடுகிறார். இதை எனக்கு முதலில் காட்டியது யார் என்று இங்கே எழுதவில்லை. உங்களுக்குத் தெரியும்.

கடைசி ஒரு இடம் மிச்சம். செருபாபேலின் தகப்பன் யார்? நாளாகமம் 3:19-இல் பெதாயா. ஆகாயிலும் எஸ்றாவிலும் செயல்தியேல். மத்தேயுவில் சலாத்தியேல், மகன் பெயரும் அங்கே சொரொபாபேல். தமிழ் வேதாகமத்தில் எழுத்து மாறுவதால் பிள்ளைகள் ஐந்து பேர் என்று நினைப்பார்கள், ஆட்கள் மூன்றுதான். சலாத்தியேல் பிள்ளையில்லாமல் இறந்து, தம்பி பெதாயா அண்ணன் பெயருக்குச் சந்ததி எழுப்பினான் என்பது பழைய விளக்கம். அப்படியானால் பெதாயாவுக்கு முழுக்கோடு, சலாத்தியேலுக்குப் புள்ளிக்கோடு. ஆனால் மத்தேயுவும் ஆகாயும் பெயர் சொல்லும் தகப்பனுக்குப் புள்ளிக்கோடு போட என் கை வரவில்லை. நீங்கள் பழையதில் பெதாயாவையே எழுதவில்லை. அதுவும் தெரிந்தே செய்ததாகத்தான் இருக்கும். பின்பக்கத்தில் அதற்கு மட்டும் பென்சில் குறிப்பு எதுவும் இல்லை, இரண்டு தடவை வெளிச்சத்தில் பிடித்துத் தேடிவிட்டேன்.

சனிக்கிழமை காலை மை தொடுகிறேன். செருபாபேலுக்கு மேல் இரண்டு கோட்டையும் பென்சிலில் போட்டு வைத்திருக்கிறேன். எதை மையால் இழுக்க என்று அதற்குள் சொல்லி அனுப்புங்கள். காடாத்துணியில் பட்ட மை பிளேடுக்கும் போகாது.