கொமெனோவின் 317 பேர்: ஜெர்மன் நாடாளுமன்ற உறுப்பினர்களுக்குத் திறந்த மடல்

மதிப்பிற்குரிய உறுப்பினர்களுக்கு,

கிரேக்கத்தின் மேற்கே, ஆர்த்தா நகருக்குத் தெற்கில், அராக்தோஸ் ஆறு அம்பிராக்கியா வளைகுடாவை நெருங்கும் சமவெளியில் கொமெனோ என்ற சிற்றூர் இருக்கிறது. இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனி கிரேக்கத்தை ஆக்கிரமித்திருந்த 1943ஆம் ஆண்டுக் கோடையில் அங்கே ஏறத்தாழ 600 பேர் வாழ்ந்தார்கள். ஆகஸ்ட் 16 அன்று அவர்களில் 317 பேரை நம் நாட்டுப் படை கொன்றது. இந்நாட்டின் குடியுரிமை பெற்று வாக்களிப்பவள் என்பதால் 'நம் நாட்டுப் படை' என்றே எழுதுகிறேன். உரிமைகளோடு இந்தப் பொறுப்பும் என்னைச் சேர்ந்ததுதான்.

ஆகஸ்ட் 12 அன்று வண்டியில் அவ்வூருக்கு வந்த சில ஜெர்மன் சிப்பாய்கள், உணவுப்பொருள் திரட்டிக்கொண்டிருந்த கொரில்லாப் போராளிகளைக் கண்டு திரும்பிச் சென்றார்கள். அன்று ஒரு குண்டுகூடச் சுடப்படவில்லை. நான்கு நாள் கழித்து, அன்னை மரியாளின் திருநாளுக்கு மறுநாள் விடியற்காலையில், முதலாம் மலைப்படைப் பிரிவின் 98ஆம் ரெஜிமென்ட்டைச் சேர்ந்த கம்பெனி ஒன்று, ஊர் உறங்கிக்கொண்டிருந்தபோதே உள்ளே புகுந்தது. முந்தைய நாள் ஒரு வீட்டில் திருமணம் நடந்திருந்தது. விருந்துக்கு வந்து அங்கேயே தங்கியிருந்தவர்களும் கொல்லப்பட்டார்கள். இறந்தவர்களில் ஒரு வயதுக் குழந்தையும் உண்டு, 75 வயது முதியவரும் உண்டு. ஆற்றைக் கடக்க முடிந்தவர்களில் பலர் பிழைத்தார்கள்.

அதே ரெஜிமென்ட்டின் தளபதி யோசெஃப் சால்மிங்கர் அக்டோபர் 1 அன்று போராளிகளால் கொல்லப்பட்டபோது, அதற்குப் பழியாக லிங்கியாதெஸ் என்ற மலைக்கிராமத்தில் 80க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். கொமெனோவில் நடந்ததற்காக எந்தச் சிப்பாயும் தண்டிக்கப்படவில்லை.

1960ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி நாம் கிரேக்கத்துக்கு 115 மில்லியன் மார்க் கொடுத்தோம் என்பது உண்மை. ஆனால் அது இனம், மதம், கொள்கை ஆகிய காரணங்களால் துன்புறுத்தப்பட்டவர்களை முன்னிட்டுச் செய்யப்பட்டது. இராணுவத்தின் பழிவாங்கலில் உற்றாரை இழந்த விவசாயக் குடும்பங்களை மனத்தில் வைத்து எழுதப்பட்டதன்று. 2019இல் கிரேக்க நாடாளுமன்றம் இழப்பீட்டுக் கோரிக்கையை முறைப்படி எழுப்பத் தீர்மானித்தபோது, சட்டப்படி இந்த விவகாரம் முடிந்துவிட்டது என்பதே நம் அரசின் மறுமொழியாக இருந்தது. அதே ஆண்டு உங்கள் அவையின் ஆய்வுப் பிரிவோ, அரசின் இந்த நிலைப்பாடு வாதிடத்தக்கதே ஆயினும் எவ்வகையிலும் தவிர்க்க முடியாததன்று என்று எழுதியது.

நம் குடியரசுத் தலைவர்கள் 2014இல் லிங்கியாதெஸிலும் 2024இல் கிரேத்தா தீவின் கண்டானோஸிலும் நேரில் நின்று மன்னிப்புக் கேட்டார்கள். அதை நான் மனமார மதிக்கிறேன். ஆயினும் மன்னிப்புக் கேட்ட அரசே கடனைப் பற்றிப் பேச மறுப்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

ஆகவே, உங்கள் ஆய்வுப் பிரிவின் அந்த அறிக்கையை முழு அவையின் விவாதத்துக்குக் கொண்டுவர வேண்டும் என்றும், பாதிக்கப்பட்ட கிராமங்களின் பிரதிநிதிகளை அழைத்து அவர்கள் சொல்வதை நேரடியாகக் கேட்க வேண்டும் என்றும், நம் பிள்ளைகளின் வரலாற்றுப் பாடங்களில் கொமெனோ இடம்பெற மாநில அரசுகளை வலியுறுத்த வேண்டும் என்றும் கேட்டுக்கொள்கிறேன். அன்று உயிர்தப்பிய குழந்தைகளுக்கு இன்று எண்பது வயதுக்கு மேலாகிறது. அவர்கள் இருக்கும்போதே இது நடக்க வேண்டும்.

இப்படிக்கு,
உங்கள் வாக்காளர்களில் ஒருத்தி